தரங்கம்பாடியில் கல் கிடக்கும் கரை: போகிறவர்களுக்குச் சில விஷயங்கள்

டெல்டாவில் வளர்ந்தவர்களுக்குக் கல் என்பது காசு கொடுத்து வாங்குகிற பொருள். மண்வெட்டி போட்டால் கல்லில் பட்டு ‘ணங்’ என்று சத்தம் வருவதெல்லாம் எங்கள் பக்கத்து வயல்களில் கிடையாது. களி, வண்டல், கீழே மணல், அதற்கும் கீழே மறுபடி களி. போர் போடுகிறவர்கள் பைப்பை இறக்கிக்கொண்டே போவார்கள், பாறை வராது. ஜல்லி வேண்டுமென்றால் திருச்சி, புதுக்கோட்டைப் பக்கமிருந்து லாரி வரவேண்டும். அதனால் எங்கள் வீட்டுப் பிள்ளைகளைத் தரங்கம்பாடிக்குக் கூட்டிக்கொண்டு போனால், டேனிஷ் கோட்டைக்கும் மாசிலாமணிநாதர் கோயிலுக்கும் நடுவில் இருக்கிற கரையில் அவர்கள் முதலில் பார்ப்பது கடலை இல்லை, காலடியில் கிடக்கிற கல்லைத்தான். உடனே குனிந்து பொறுக்க ஆரம்பித்துவிடுவார்கள், பாக்கெட் கிழிகிற வரைக்கும்.

பூம்புகாரிலும் வேளாங்கண்ணியிலும் பழகின மணல் கரைக்குப் போவது மாதிரி நினைத்துக்கொண்டு இங்கே போகக்கூடாது. கரையின் குணமே வேறு. அது ஏன் வேறு என்று தெரிந்துகொண்டால், எங்கே நிற்கலாம், எங்கே காலை நனைக்கலாம், எங்கே பிள்ளையின் கையை விடக்கூடாது என்பதெல்லாம் தானாகப் புரியும்.

முதலில் அந்தக் கற்கள். சிவப்பு, ஆரஞ்சு, கருஞ்சாம்பல், அழுக்கு வெள்ளை என்று பல நிறத்தில் கிடக்கும். சிவப்பாக, மூலை மழுங்கி வழவழவென்று இருப்பதைக் கூழாங்கல் என்று எல்லோரும் எடுப்பார்கள். அது கல்லே இல்லை, செங்கல். கையில் எடுத்துப் பார்த்தால் கனம் குறைவாக இருக்கும், காய்ந்த பாறைமேல் இழுத்தால் சிவப்பாகக் கோடு விழும். இந்த ஊரைச் சுற்றி டேனிஷ்காரர்கள் மதில் கட்டியிருந்தார்கள். கடல் பக்கமும் மதில் இருந்தது. 1733-இல் வரைந்த ஊர் வரைபடம் ஒன்று இருக்கிறது, அதில் கோட்டையும் தெருக்களும் மதிலுக்குள் பத்திரமாக இருக்கும். கிழக்கு ஓரத்தைக் கடல் சாப்பிட்டுவிட்டது. உடைந்து விழுந்த கட்டடத்தை அலை இழுத்து, உருட்டி, தேய்த்து, திரும்பக் கொண்டுவந்து போட்டதுதான் பிள்ளைகள் பொறுக்குகிற ‘கூழாங்கல்’.

அழுக்கு வெள்ளையாக இருப்பது பெரும்பாலும் சுண்ணாம்புக் காரை. உடைந்த பக்கத்தைத் திருப்பிப் பாருங்கள், கிளிஞ்சல் துண்டு பதிந்திருக்கும். அந்தக் காலத்தில் கடலோர ஊர்களில் கிளிஞ்சலைச் சுட்டுத்தான் சுண்ணாம்பு எடுத்தார்கள், சரியாக வேகாத துண்டுகள் அப்படியே காரைக்குள் தங்கிவிடும். எனக்கு இந்தக் கரையில் ரொம்பப் பிடித்தது இந்தக் காரைத் துண்டுகள்தான். கடலிலிருந்து எடுத்த கிளிஞ்சல் சுவராகி, ஒரு ராஜ்யத்தின் கொடிக்குக் கீழே நின்று, திரும்பக் கடலுக்கே போய்க்கொண்டிருக்கிறது.

கருஞ்சாம்பல் நிறத்தில் கிடப்பது கருங்கல். அதிலும் இரண்டு உண்டு. ஒரு பக்கமாவது தட்டையாக, உளி கொத்தின தடம் தெரிந்தால் அது பழைய கட்டடக் கல்லாக இருக்க வாய்ப்பு அதிகம். மாசிலாமணிநாதர் கோயில் 1306-இல் மாறவர்மன் குலசேகர பாண்டியன் காலத்தில் எழுந்தது. டேனிஷ்காரர்கள் வருவதற்கு முந்நூறு வருஷம் முன்பே! அதன் முன்பகுதி கடலில் போய்விட்டது. மற்றது, மாட்டு வண்டி அளவுக்குப் பெரிய பெரிய பாறைகள். உற்றுப் பார்த்தால் ஒரு ஓரத்தில் பைப்பைப் பாதியாகப் பிளந்த மாதிரி நீளமான பள்ளம் ஓடும். குவாரியில் வெடி வைக்கத் துளை போட்ட தடம் அது. அரிப்பைத் தடுக்க உள்நாட்டிலிருந்து லாரியில் கொண்டுவந்து கொட்டின கல். ஆக, இந்தக் கரையில் எந்தக் கல்லும் தானாக வரவில்லை. கோயில் கட்டினவர், கோட்டை கட்டினவர், கடைசியில் கடலை நிறுத்தப் பார்த்தவர் என்று யாரோ ஒருவர் கொண்டுவந்து போட்டதுதான் எல்லாமே.

இதைக் கடற்கரையிலேயே வலை சரி செய்துகொண்டிருந்த ஒரு அண்ணன் என்னிடம் இரண்டே வாக்கியத்தில் சொல்லிவிட்டார். அக்கா பையன் பாறைப் பக்கமாக ஓடினபோது கூப்பிட்டு, “எங்க கல்லு தெரியுதோ அங்க மண்ணு இல்லன்னு அர்த்தம் தங்கச்சி. மண்ணு இல்லாத எடத்துல கடல் நேரா வந்து அடிக்கும், புள்ளைய விடாதீங்க” என்றார். கடற்கரைப் பாதுகாப்பு பற்றி நான் படித்த எல்லாமே இதற்குப் பிறகு வந்த விளக்கவுரைதான்.

விஷயம் இதுதான். நல்ல மணல் கரையில் அலை தூரத்திலேயே உடைந்து, நுரையாகப் பரவி, சோர்ந்துபோய்த்தான் நம் காலுக்கு வரும். மணல் போன இடத்தில் கரைக்குப் பக்கத்திலேயே ஆழம். அலை உடையாமல் முழு பலத்தோடு வந்து கரையிலேயே மோதும், மோதின வேகத்தில் திரும்பும். கொட்டி வைத்த பாறைமேல் அடித்துத் திரும்புகிற தண்ணீர், பாறைக்கு அடியில் இருக்கிற கொஞ்சநஞ்ச மணலையும் தோண்டி எடுத்துக்கொண்டு போகும். அதனால் பாறைக்கு முன்னால் எப்போதும் ஒரு பள்ளம் இருக்கும், மேலிருந்து பார்த்தால் தெரியாது. பாறை முடிகிற இடத்தில் இன்னும் மோசம். திரும்புகிற தண்ணீர் எல்லாம் சேர்ந்து அந்த ஓரமாகக் கடலுக்குள் ஓடும். அங்கே அலை சிறிதாகத் தெரியும், தண்ணீர் அமைதியாக இருக்கும், ‘இங்கே நல்லா இருக்கே’ என்று இறங்கத் தோன்றும். அங்கேதான் இறங்கக்கூடாது.

அப்படி யாராவது இழுபட்டால் கரையை நோக்கி நேராக நீந்தப் பார்க்காமல், கரைக்கு இணையாகப் பக்கவாட்டில் நகர்ந்து, இழுப்பு விட்ட பிறகு கரைக்குத் திரும்ப வேண்டும். நீச்சல் தெரியாதவர்கள் மிதக்கப் பார்த்து, கையைத் தூக்கிக் கூப்பிட வேண்டும். காப்பாற்றுகிறேன் என்று பின்னாலேயே குதிக்கிறவர்தான் பல சமயம் அடுத்து மாட்டுகிறவர். காலி தண்ணீர் கேன், பிளாஸ்டிக் குடம், துப்பட்டா, கயிறு, எது கிடைக்கிறதோ அதை வீசுங்கள். மீனவர்கள் பக்கத்தில் இருப்பார்கள், முதலில் அவர்களைக் கத்திக் கூப்பிடுங்கள். கடல் திடீரென்று வழக்கத்துக்கு மீறி உள்வாங்கினால் கிளிஞ்சல் பொறுக்கப் போகாமல் ஊரைப் பார்த்து ஓடவேண்டும் என்பதை 2004 டிசம்பர் 26-க்குப் பிறகு எங்கள் பக்கத்தில் யாருக்கும் சொல்லித்தர வேண்டியதில்லை. ஆனால் அதற்குப் பிறகு பிறந்த பிள்ளைகள் இப்போது பைக் ஓட்டிக்கொண்டு தனியாகவே கடற்கரைக்கு வருகிறார்கள், அவர்களுக்குச் சொல்லத்தான் வேண்டும்.

பாறைமேல் ஏறி செல்ஃபி எடுப்பது தனி வியாதி. அலை தொடுகிற பாறையில் பச்சையாகப் பாசி படிந்திருக்கும், கறுப்பாகத் தெரிகிற இடத்திலும் பாசிதான், காய்ந்து நிறம் மாறியிருக்கும். நனைந்தால் சோப்பு. விழுந்தால் முட்டியில் சிராய்ப்போடு போகாது. இரண்டு பாறைக்கு நடுவில் கால் மாட்டிக்கொள்ளும், அதே நேரத்தில் அடுத்த அலை வரும். பாறைகளைச் சிமென்ட் வைத்து ஒட்டவில்லை, சும்மா கொட்டி வைத்திருக்கிறார்கள், சிலது ஆடும். பாறையில் ஒட்டியிருக்கிற சிப்பி விளிம்பு பிளேடு மாதிரி வெட்டும். உடைந்த பாட்டிலும் கிடக்கும், அது நம் ஆட்களின் உபயம்.

செருப்பு விஷயத்தில் கொஞ்சம் கவனம் வேண்டும். ரப்பர் செருப்பு அலையில் கழன்றுவிடும். வெறுங்காலில் நடந்தால் செங்கல் துண்டும் கருங்கல் சில்லும் குத்தும், பத்து மணிக்கு மேல் சூடு தாங்காது. கரையில் ஆங்காங்கே மணல் கறுப்பும் செம்மையுமாகப் பட்டை பட்டையாகப் படிந்திருக்கும், மேலே மலைப் பக்கத்திலிருந்து ஆறு அரித்துக் கொண்டுவந்த கனமான தாதுத் துகள் அது, உச்சி வெயிலில் அதில் கால் வைத்தால் தோசைக்கல்தான். பின்னால் வார் வைத்த சாண்டல் சரியாக இருக்கும். ஷூவோடு போனால் உள்ளே மணல் போய்க் கடித்துக்கொண்டே இருக்கும். புடவையோடு வருகிற பெரியவர்களைக் கல் பக்கமே கூட்டிக்கொண்டு போகாமல், கோட்டைக்கு முன்னால் இருக்கிற திறந்த வெளியில் உட்கார வைப்பது நல்லது.

எப்போது போகலாம் என்றால், இந்தக் கரை மாதத்துக்கு மாதம் மாறுகிறது. ஐப்பசி, கார்த்திகையில் வாடைக் காற்றில் கடல் மணலை வாரிக்கொண்டு போகும், அந்தச் சமயத்தில் கரைப்பக்கமே போகாமல் இருப்பது உத்தமம். அது முடிந்து தை, மாசியில் போனால் கல் நிறையத் தெரியும், வெயிலும் தாங்கும். சித்திரை, வைகாசியில் மணல் திரும்ப ஏறி நிறையக் கல்லை மூடிவிட்டிருக்கும். போன வருஷம் இங்கே ஒரு சுவர்த் துண்டு இருந்ததே, காணோமே என்று யாராவது சொன்னால் அது எங்கேயும் போகவில்லை, கீழேதான் இருக்கிறது. அமாவாசை, பௌர்ணமி ஒட்டி ஓதம் கூடுதலாக இருக்கும். நம் கடலில் ஓதம் ஏறி இறங்குவது ஒரு மீட்டருக்கும் குறைவுதான், ஆனால் இவ்வளவு ஒடுக்கமான கரையில் அதுவே போதும், காலையில் நடந்து போன வழி மதியம் தண்ணீருக்கு அடியில் இருக்கும். கிளம்புவதற்கு முன் மத்திய அரசின் கடல் தகவல் மையமான இன்காய்ஸ் வெளியிடுகிற உயர் அலை எச்சரிக்கை ஏதாவது இருக்கிறதா என்று செய்தியில் ஒருமுறை பார்த்துவிடுங்கள். விடிகாலையில் போய், வெயில் ஏறுமுன் கரையை முடித்துக்கொண்டு, அப்புறம் கோட்டைக்குள் போவதுதான் என் பழக்கம். கோட்டையின் தடித்த சுவருக்குள் மதியத்திலும் குளிர்ச்சி இருக்கும்.

கோட்டையைப் பற்றியும் சொல்லவேண்டும், ஏனென்றால் பாதிப்பேர் வாசலில் நின்று போட்டோ எடுத்துக்கொண்டு போய்விடுகிறார்கள். 1620 நவம்பரில் தஞ்சை ரகுநாத நாயக்கரோடு ஒப்பந்தம் போட்டு இதைக் கட்டத் தொடங்கியவர் ஓவே கெட்டே என்கிற டேனிஷ் கப்பற்படைத் தளபதி, அப்போது அவருக்கு வயது முப்பதுகூட ஆகவில்லை. டான்ஸ்போர்க் என்று பெயர் வைத்தார்கள். நாயக்கர் டென்மார்க் ராஜாவுக்குத் தங்க ஏட்டில் தமிழில் எழுதின கடிதம் இன்னும் கோபன்ஹேகனில் பத்திரமாக இருக்கிறது. கோட்டை என்றதும் செஞ்சி மாதிரி எதிர்பார்க்காதீர்கள். இது வியாபாரிகள் கட்டின காவல் நிலையம். மேல் தளத்தில் கவர்னர், பாதிரியார் என்று பெரிய மனிதர்கள். கீழே கிடங்கு, சமையல் கூடம், சிப்பாய்கள் இருந்த அறை, சிறை. துப்பாக்கிக்கும் மிளகுக்கும் ஒரே கூரை. தமிழில் புதிய ஏற்பாட்டை 1715-இல் அச்சிட்ட சீகன்பால்கு இந்த ஊருக்கு வந்தது 1706-இல். வந்த இரண்டு வருஷத்திலேயே அப்போதைய கோட்டைத் தலைவரோடு மோதல் வந்து, நாலு மாதம் இதே கோட்டையில் அடைபட்டுக் கிடந்தார்.

1845-இல் தரங்கம்பாடியையும் வங்காளத்தில் இருக்கிற செராம்பூரையும் சேர்த்துப் பன்னிரண்டரை லட்சம் ரூபாய்க்கு ஆங்கிலேயருக்கு விற்றுவிட்டுப் போனார்கள். அதற்குப் பிறகு இந்த இடத்துக்குப் போர் வேலை எதுவும் இல்லை. 1978 வரைக்கும் பயணியர் விடுதியாகக்கூட இருந்திருக்கிறது, பிறகு மாநிலத் தொல்லியல் துறை எடுத்து உள்ளே ஒரு சின்ன அருங்காட்சியகம் வைத்தது. அங்கே இருக்கிற டேனிஷ் காசுகளை நிதானமாகப் பாருங்கள், ஈயத்தில் அடித்த ஆரம்ப காலக் காசுகளில் ராஜாவின் பெயர் எழுத்துகள் முடிச்சுப் போட்ட மாதிரி இருக்கும். மதில்மேல் கடலைப் பார்த்து நிற்கிற பீரங்கிகளுக்குப் பக்கத்தில் நின்று கீழே பார்த்தால், அலை எந்த இடத்தில் உடைகிறது, எந்த இடத்தில் உடையாமல் உள்ளே வருகிறது என்பது தெளிவாகத் தெரியும். வீட்டுப் பிள்ளைகளுக்கு இழுப்பு ஓட்டம் எது என்று காட்ட அதைவிட நல்ல இடம் எனக்குத் தெரியவில்லை.

காசு என்றதும் இன்னொன்று. கரையில் சிலர் குனிந்து மண்ணைக் கிளறிக்கொண்டே நடப்பதைப் பார்ப்பீர்கள். மழைக்குப் பிறகு, கடல் கொந்தளித்து அடங்கின பிறகு, பழைய காசுகள் கிடைப்பது உண்மைதான். பிள்ளைகளும் தேட ஆரம்பித்துவிடுவார்கள். மண்ணில் புதைந்து கிடந்த பொருள் கிடைத்து அதன் மதிப்பு பத்து ரூபாய்க்கு மேல் இருந்தால் கலெக்டருக்குத் தெரிவிக்க வேண்டும் என்று 1878-ஆம் வருஷத்துப் புதையல் சட்டம் சொல்கிறது, அந்தப் பத்து ரூபாய் இன்னும் பத்து ரூபாயாகவே இருக்கிறது. நூறு வருஷத்துக்கு மேற்பட்ட காசு தொல்பொருள் கணக்கில் வரும், அதை வெளிநாட்டுக்கு எடுத்துக்கொண்டு போக முடியாது. கரையில் யாராவது ‘டென்மார்க் காசு, ஒரிஜினல்’ என்று விற்க வந்தால் வாங்காமல் நகர்ந்துவிடுங்கள். செங்கல் துண்டைக்கூட ஒன்றுக்குமேல் எடுக்க நான் விடுவதில்லை. இடிந்தாலும் அது கோட்டையின் சொத்து என்பது என் எண்ணம், பிள்ளைகளுக்கு அது புரிவதில்லை, பஸ்ஸில் ஏறும்போது பையைச் சோதனை போட வேண்டியிருக்கிறது.

ஓசோன் கதையையும் இங்கேயே முடித்துவிடலாம். தரங்கம்பாடிக் கடற்கரையில் ஓசோன் காற்று அதிகம், உடம்புக்கு நல்லது, ஆழமாக மூச்சு இழுங்கள் என்று யாராவது கட்டாயம் சொல்வார்கள், என் சித்தப்பாவே சொல்வார். ஓசோன் வானத்தில் உயரத்தில் இருந்தால்தான் நமக்கு நல்லது. தரையில் மூச்சோடு உள்ளே போனால் நுரையீரலுக்குக் கெடுதல். நாம் கடல் வாசனை என்று சொல்வதில் பெரும்பங்கு கடலின் நுண்ணுயிர்களிலிருந்து வருகிற ஒரு கந்தக வாயு. காற்று நன்றாகத்தான் இருக்கிறது, அதற்கு ஓசோன் சான்றிதழ் தேவையில்லை.

போகிற வழி சுலபம். மாயவரத்திலிருந்து செம்பனார்கோயில், ஆக்கூர், திருக்கடையூர் வழியாகப் பஸ் இருக்கிறது. சீர்காழி, காரைக்கால் சாலையில் போகிற பஸ்ஸும் நிற்கும், இறங்கி வெள்ளை வளைவு வாசலுக்குள் நுழைந்து ராஜ வீதியில் நேரே நடந்தால் கடல். முன்னே மாயவரத்திலிருந்து மீட்டர் கேஜ் ரயில் ஓடியது, 1986-இல் நிறுத்திவிட்டார்கள். சித்தப்பா அந்த ரயிலில் வந்தவர், பஸ் செம்பனார்கோயில் தாண்டினதும் தண்டவாளம் எந்தப் பக்கம் போனது என்று காட்ட ஆரம்பிப்பார், நிறுத்தமாட்டார்.

கடற்கரையில் சாப்பாட்டை நம்பிப் போகாதீர்கள். தண்ணீரும் டிபனும் கையில் இருக்கட்டும், உட்கார்ந்து சாப்பிட வேண்டுமென்றால் பொறையாரோ திருக்கடையூரோ போக வேண்டும். அறுபதாம் கல்யாணக் கூட்டத்தால் திருக்கடையூரில் ஹோட்டலுக்குக் குறைவில்லை, முகூர்த்த நாளில் மட்டும் இடம் கிடைக்காது. ஈர உடை மாற்ற வசதியான இடம் கரையில் இல்லை, பெண்கள் இருந்தால் அதை முன்கூட்டியே யோசித்து வையுங்கள். கோட்டை அருங்காட்சியகத்துக்கு வெள்ளிக்கிழமை விடுமுறை, அன்றைக்குப் போனால் வெளியிலிருந்துதான் பார்க்க முடியும். நேரம் மிச்சமிருந்தால் பக்கத்திலேயே தில்லையாடி. தென்னாப்பிரிக்காவில் சிறை சென்று, வெளியே வந்த கொஞ்ச நாளில் 1914-இல் இறந்துபோன வள்ளியம்மையின் நினைவு மண்டபம் அங்கே இருக்கிறது, திருக்கடையூர் போகிற வழியிலேயே பார்த்துவிட்டு, அங்கே சாப்பிட்டுவிட்டு மாயவரம் பஸ் பிடிக்கலாம்.